வைகை மணலும் கடல் மீனும்: மைக்ரோபிளாஸ்டிக் பற்றி வாசகர் கேள்விகள்

மீனில் மைக்ரோபிளாஸ்டிக் இருக்கிறதாமே. ஆனாலும் மீன் சாப்பிடுவதை நிறுத்த மனம் வரவில்லை. சாப்பிடலாமா, கூடாதா?
(வாசகி, கரிமேடு)

தாராளமாகச் சாப்பிடுங்கள். 5 மில்லிமீட்டருக்கும் சிறிய பிளாஸ்டிக் துணுக்குகளைத்தான் மைக்ரோபிளாஸ்டிக் என்கிறோம். மீன் விழுங்குவது பெரும்பாலும் குடலிலும் செவுளிலும் தங்கும். சதைக்குப் போவது குறைவு. சீலா, பாறை வாங்கினால் வெட்டித் தருபவரே இரண்டையும் எடுத்து எறிந்துவிடுவார். கவனிக்க வேண்டியது நெத்திலியைத்தான். தலையைக் கிள்ளி மெதுவாக இழுத்தால் குடல் கறுப்பு நூலாகக் கூடவே வந்துவிடும். பொடி மீன்தானே என்று அப்படியே வறுத்தால் குடலும் சேர்ந்தே வயிற்றுக்குள் போகும். நெத்திலிக் கருவாட்டையும் வெந்நீரில் ஊறவைத்து இதே போலக் கிள்ளிவிடுங்கள்.

வைகையில் தண்ணீரே ஓடுவதில்லை. மதுரைக் குப்பை எப்படிக் கடலுக்குப் போகும்?
(வாசகர், ஆரப்பாளையம்)

நியாயமான கேள்வி. வைகைத் தண்ணீரில் பெரும்பகுதி ராமநாதபுரம் பெரிய கண்மாயோடு நின்றுவிடும். மிஞ்சியதுதான் ஆற்றங்கரை என்ற ஊர் அருகே பாக் விரிகுடாவில் கலக்கும்.

ஆனால் தண்ணீர் இல்லாததுதான் இங்கே வினை. ஓடுகிற ஆற்றில் விழுந்த கவர் முழுசாகவே போய்விடும். நம் ஆற்றிலோ மாதக்கணக்காக மணலில் வெயில் காய்கிறது. புற ஊதாக் கதிர் பிளாஸ்டிக்கின் மூலக்கூறுச் சங்கிலியை அறுத்துவிடும். பாலத்துக்குக் கீழே கிடக்கும் பழைய கேரி பேக் ஒன்றைத் தூக்கிப் பாருங்கள். முழுசாகக் கையில் வராது, அப்பளம் போல நொறுங்கி விரலில் ஒட்டும். அணை திறந்தாலோ ஐப்பசி மழை பெய்தாலோ அந்தத் தூள் அத்தனையும் கிளம்பும். ஒரு பங்கு கண்மாய்ச் சேற்றில் படியும், ஒரு பங்கு பாசனத்தோடு வயலுக்கு ஏறும், மிச்சம் கடலுக்கு. சாக்கடையாகிப்போன கிருதுமால் வாய்க்கால் கதையை மதுரைக்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

கவரைப் பொறுக்கலாம், தூளைப் பொறுக்க முடியாது. அதனால் ஆற்றைச் சுத்தம் செய்வதென்றால் ஆவணி, புரட்டாசிக்குள் செய்யுங்கள். வெள்ளம் போன பிறகு கையுறை மாட்டிப் படம் எடுத்துக்கொள்வதில் எனக்கு நம்பிக்கை இல்லை.

கன்னியாகுமரிக் கடற்கரையில் ஒதுங்கிய வெள்ளைக் குருணை என்ன? கடலுக்கு என்ன கெடுதல்?
(கல்லூரி மாணவி, திருப்பரங்குன்றம்)

2025 மே 25 அன்று கேரளக் கடலில் எம்எஸ்சி எல்சா 3 கப்பல் மூழ்கியது. அதன் கன்டெய்னர்களில் இருந்த பிளாஸ்டிக் மூலப்பொருள் அது. குடம், வாளி எல்லாமே இந்தக் குருணையை உருக்கித்தான் வார்க்கிறார்கள். பார்க்க மீன் முட்டை மாதிரி இருப்பதால் மீனும் கடற்பறவையும் ஏமாந்து விழுங்கும். வயிறு நிறைந்த மாதிரி இருக்கும், சத்து இருக்காது. இதைவிட நுண்ணிய தூளை மிதவை உயிரிகளும் பவளங்களும்கூட உட்கொள்கின்றன. அந்த மிதவை உயிரிகளைத் தின்றுதான் பொடி மீன் வளர்கிறது.

குடிதண்ணீரிலும் இருக்கிறதாமே?
(வாசகி, ஒத்தக்கடை)

இருக்கிறது, பாட்டில் தண்ணீரிலும் இருக்கிறது. ஆனால் நம் போர் தண்ணீரின் உப்புக்கு இங்கே ஒரு நன்மை உண்டு. 2024இல் வெளியான சீன ஆய்வு ஒன்றில், கடினநீரை, அதாவது சுண்ணாம்பு உப்பு மிகுந்த தண்ணீரை, கொதிக்க வைத்தபோது படிந்த சுண்ணாம்பு, பிளாஸ்டிக் துகள்களையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டது. வடிகட்டியதும் 90 சதவீதம் வரை குறைந்தது. ஐந்து நிமிடம் கொதிக்கவிட்டு, ஆறிய பின் வடிகட்டுங்கள்.

அப்புறம், தண்ணீருக்கு இவ்வளவு பயந்துவிட்டு டீக்கடையில் பேப்பர் கப் வாங்காதீர்கள். அதன் உள்பக்கம் பிளாஸ்டிக் பூச்சு. சுடச்சுட ஊற்றிய 100 மில்லியில் கால் மணி நேரத்துக்குள் சுமார் 25,000 துகள் கலக்கிறது என்று காரக்பூர் ஐஐடி 2020இல் கண்டறிந்தது. கண்ணாடி கிளாஸில் கேளுங்கள். பாலிதீன் கவரில் கட்டும் சூடான சால்னாவுக்குத் தூக்குவாளி கொண்டுபோங்கள்.

உடம்பில் போனால் என்ன செய்யும்?
(வாசகர், மேலூர்)

2024இல் வெளியான ஆய்வு ஒன்றில் இத்தாலிய மருத்துவர்கள், கழுத்து ரத்தக்குழாயில் கொழுப்பு அடைப்பை அகற்றிக்கொண்ட 257 பேரைத் தொடர்ந்து கவனித்தார்கள். அடைப்பில் பிளாஸ்டிக் இருந்தவர்களுக்கு மாரடைப்பு, பக்கவாதம், மரணம் ஆகியவற்றின் அபாயம் நாலரை மடங்கு இருந்தது. பிளாஸ்டிக்தான் காரணம் என்று அது நிரூபிக்கவில்லை, தொடர்பை மட்டும் காட்டியது. இதை வைத்து ‘டீடாக்ஸ்’ பொடி விற்பவரிடம் பணத்தைக் கொடுக்காதீர்கள்.

சுங்குடிப் புடவை துவைத்தாலும் பிளாஸ்டிக் வருமா?
(வாசகி, திருநகர்)

பருத்திச் சுங்குடியில் வராது. பாலியஸ்டர், நைலான் துணியில்தான் ஒவ்வொரு துவைப்பிலும் இழை உதிரும். மெஷினில் பச்சைத்தண்ணீர் விட்டு, நிறையத் துணி சேர்த்து, குறைந்த நேரம் ஓட்டுங்கள். வடிகட்டியில் சேரும் பஞ்சைச் சாக்கடையில் கழுவிவிடாமல் குப்பையில் போடுங்கள்.