தேயிலை மண்ணின் கேடயவால் பாம்பு: கேள்வி பதில்

இலங்கையின் ஊவாப் பக்கத் தேயிலைத் தோட்டங்களில் மண்ணைக் கிளறும்போது வெளியே வரும் கேடயவால் பாம்பைப் பற்றிப் பலர் கேட்டிருந்தார்கள். எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

பசறைத் தோட்டத்திலிருந்து ஒரு தங்கச்சி: முள்ளு குத்தி மண்ணைக் கிளறும்போது ஒரு சாண் நீளத்தில் ஒன்று வந்தது. இரண்டு முனையும் தலை மாதிரி இருந்தது. எது தலை அண்ணே?

கூரான பக்கம்தான் தலை, தங்கச்சி. கத்தியால் சரித்து வெட்டியது போல மொட்டையாக இருப்பது வால். வால் நுனியில் ஒரு தகடு இருக்கும். விரலை வைத்தால் சொரசொரவென்று முள் குத்தும். அதில் மண் அப்பி உருண்டையாக நிற்கும். பாம்பு வளைக்குள் போனதும் அந்த மண்ணே பின்னால் கதவாகி அடைத்துவிடும். இதற்காகத்தான் கேடயவால் என்று பெயர்.

பண்டாரவளையிலிருந்து ஒருவர்: கடிக்குமா? விஷம் உண்டா?

விஷம் இல்லை. கையில் எடுத்தால்கூடக் கடிக்காது. விரலிடுக்கில் மூக்கை நுழைத்துத் தள்ளும், விரலைச் சுற்றிக்கொள்ளும். ஆனால் அடையாளம் தெரியாத எந்தப் பாம்பையும் கையால் தொடாதீர்கள். எட்டடி விரியனும் பளபளவென்று இருக்கும்; அதன் வால் மெலிந்து கூராக முடியும்.

முல்லைத்தீவிலிருந்து ஒரு ஐயா: இது நக்கினால் குஷ்டம் வரும் என்று சின்ன வயதில் சொல்லிப் பயமுறுத்தினார்கள். உண்மையா?

இல்லை ஐயா. மண்ணுளிப் பாம்பைப் பற்றித் தமிழ்நாட்டிலும் இதே கதை உண்டு. குஷ்டம் பக்டீரியாவால் வருவது, பாம்புக்கும் அதற்கும் ஒரு தொடர்பும் இல்லை. இந்தக் கதையால் செத்த பாம்புகளை நினைத்தால் மனது கஷ்டமாக இருக்கிறது. இன்னொன்று, இது மலையில் மட்டும் வாழ்கிற குடும்பம் இல்லை. உங்கள் வறண்ட மண்ணிலும் ஓர் இனம் உண்டு: ரைனோபிஸ் ஒக்சிரிங்கஸ். 1801லேயே அதற்குப் பெயர் வைத்துவிட்டார்கள்.

ஹாலிஎலையிலிருந்து ஒரு மாணவர்: காலும் இல்லை, நகமும் இல்லை. இறுகிய மண்ணை எப்படிக் குடைகிறது சேர்?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி, தம்பி. பதுளைக்கு ஏறும் கூட்ஸ் கோச்சியை நினைத்துக்கொள்ளுங்கள். முன்னால் எஞ்சின், பின்னால் பெட்டிகள். இந்தப் பாம்பும் அப்படித்தான். உடம்பின் முன்பகுதித் தசை தடித்து, ஒட்சிசனைப் பிடித்துவைக்கும் மயோகுளோபின் நிறைந்து, நல்ல சிவப்பாக இருக்கும். களைக்காமல் நெடுநேரம் வேலை செய்யக்கூடிய தசை அது. பின்பகுதித் தசை வெளிறியது, வெறுமனே இழுபட்டு வரும். 1978இல் காள் கான்ஸ் என்ற ஆய்வாளரும் அவருடைய சகாக்களும் இதை 'சயன்ஸ்' இதழில் எழுதியபோது சரக்கு ரயில் என்றுதான் சொன்னார்கள்.

தோலுக்குள்ளேயே முதுகெலும்பு நெளிநெளியாக வளையும். அதில் உடம்பு தடித்து வளையின் சுவரை அழுத்திப் பிடித்துக்கொள்ளும். அப்புறம் அந்த நெளிவு நிமிர, கூரான தலை ஆப்பு மாதிரி முன்னே இறங்கும். திரும்பத் திரும்ப இதேதான். அடைமழை நாளில் சேற்றிலிருந்து வந்தாலும் உடம்பில் மண் ஒட்டியிருக்காது, வெயிலில் பிடித்தால் வானவில் நிறம் ஓடும். செதிலின் நுண்ணிய அமைப்புதான் இரண்டுக்கும் காரணம். ஒரே உடம்பில் தோலில் மண் ஒட்டக்கூடாது, வாலில் ஒட்ட வேண்டும்!

கொடைக்கானலிலிருந்து ஒருவர்: எங்கள் மலையிலும் இப்படி ஒன்று இருக்கிறதே?

அது இதன் சொந்தக்காரர். உலகத்திலேயே தீபகற்ப இந்தியாவிலும் இலங்கையிலும் மட்டும்தான் இந்தக் குடும்பம் உண்டு. மண்ணுக்குள்ளேயே கிடப்பதால் ஓர் இனம் சில மலைகளோடு நின்றுவிடும். இலங்கையின் ரைனோபிஸ் சிக்சாக் என்ற இனத்துக்கு 2011இல்தான் பெயர் வைத்தார்கள். ரைனோபிஸ் பிலிப்பினஸ் என்று ஒன்று இருக்கிறது. அது பிலிப்பைன்ஸில் கிடையாது, இலங்கையில் மட்டுமே வாழ்கிறது. பழைய பிழை பெயரிலேயே தங்கிவிட்டது.

அப்புத்தளையிலிருந்து ஓர் அக்கா: முட்டை போடுமா? வீட்டில் வளர்க்கலாமா?

முட்டை போடாது, குட்டிதான் போடும். வளர்க்க வேண்டாம் அக்கா. அதற்கு வேண்டியது ஈர மண்ணும் மண்புழுவும்.

அதே பசறைத் தங்கச்சி: இனி வந்தால் என்ன செய்வது?

வெயிலில் விடாதீர்கள், சீக்கிரம் காய்ந்துவிடும். போன மழைக்காலத்தில் தண்ணீர் வடியக் கான் வெட்டிய இடத்தில் ஒன்றை மண்ணோடு சேர்த்து அள்ளி, தேயிலை மூட்டில் சருகை விலக்கி வைத்தேன். மூக்கு மண்ணைத் தொட்டதும் தலை இறங்கிவிட்டது. மொத்தம் ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. கடைசியில் அந்த மொட்டை வால் மட்டும், மண் அப்பியபடி, துளையில் மூடி மாதிரி நின்றது.