காசு வாங்காமல் நாவல் பி.டி.எஃப். பகிர்ந்தாலும் குற்றமா?

கேள்வி: நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியர். கடைகளில் கிடைக்காத பழைய நாவல்களை ஸ்கேன் செய்து டெலிகிராம் சேனலில் போடுகிறேன். பைசா வாங்குவதில்லை. சேனல் என் மகன் எண்ணில் இருக்கிறது. ‘கேஸ் வரும்ப்பா’ என்கிறான். வருமா?

பதில்: வரலாம், ஐயா. பதிப்புரிமைச் சட்டம், 1957-ன் 63-வது பிரிவின்படி, தெரிந்தே உரிமையை மீறினால் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, ரூ.50,000 முதல் ரூ.2 லட்சம் வரை அபராதம். லாப நோக்கம் இல்லையென்றால் நீதிமன்றம் தண்டனையைக் குறைக்கலாம், அவ்வளவுதான். பயிற்சி நூல்களைப் பகிர்ந்த சேனல்கள் குறித்த வழக்கில், அவற்றை நடத்துபவர்களின் விவரங்களைத் தரும்படி 2022-ல் டில்லி உயர் நீதிமன்றம் டெலிகிராமுக்கு உத்தரவிட்டது. உங்கள் விஷயத்தில் முதலில் அகப்படுவது மகனுடைய எண்.

புத்தகம் எவ்வளவு பழையது என்று பார்க்காதீர்கள். எழுதியவர் எந்த ஆண்டில் காலமானார் என்று பாருங்கள். அதற்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் உரிமை இருக்கும். கல்கி மறைந்தது 1954-ல். அவர் எழுத்தை யாரும் பகிரலாம். சுஜாதா மறைந்தது 2008-ல். அட்டை கிழிந்த, பழுப்பேறிய பிரதியே ஆனாலும் 2068 முடியும்வரை கை வைக்க முடியாது. தமிழக அரசு நாட்டுடைமை ஆக்கிய நூல்களுக்கு இந்தக் கணக்கு தேவையில்லை. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தளத்திலேயே பல கிடைக்கின்றன. அங்கே இருப்பதை மறுபடி ஸ்கேன் செய்து கண்ணைக் கெடுத்துக்கொள்ளாதீர்கள்.

பலர் சறுக்கும் இடம் மொழிபெயர்ப்பு. மூல ஆசிரியர் மறைந்து நூறாண்டு ஆகியிருக்கலாம். தமிழாக்கியவருக்குத் தனி 60 ஆண்டுகள் உண்டு. உள்ளே இருக்கும் ஓவியங்களுக்கும் முன்னுரைக்கும்கூட அப்படியே.

‘கடையில் கிடைக்கவில்லை’ என்ற உங்கள் ஆதங்கம் எனக்கும் உண்டு. ஆனால் அதனாலேயே பகிரும் உரிமை நமக்கு வந்துவிடாது. எழுத்தாளரை, இல்லையென்றால் வாரிசுகளைக் கேளுங்கள். வாரிசுகள் பலர் என்றால் ஒரு மகன் போனில் ‘சரி’ என்றது போதாது. எல்லோரிடமும் எழுத்தில் வாங்குங்கள். பதிப்பகத்தோடு ஒப்பந்தம் இன்னும் உயிரோடு இருக்கிறதா என்றும் அவர்களிடமே கேட்டுவிடுங்கள்.

அனுமதி வரும்வரை அந்தக் கோப்புகளை நீக்கி வையுங்கள். நாவலைப் பற்றி விமர்சனம் எழுதி, அதற்குத் தேவையான சில பத்திகளை மேற்கோள் காட்டத் தடையில்லை.