டி. எஸ். பாலையாவை ஏன் இவ்வளவு கொண்டாடுகிறார்கள்?

'காதலிக்க நேரமில்லை' படத்துக் கதை சொல்லும் காட்சியில் எல்லாவற்றையும் நாகேஷ்தானே செய்கிறார், பாலையா சும்மா உட்கார்ந்துதானே இருக்கிறார் என்றும் கேள்வியில் கேட்டிருக்கிறீர்கள். சரி, அங்கிருந்தே வருகிறேன்.

அந்தக் காட்சியில் பாதி வேலைக்கு மேல் பாலையாவுடையது. மகனாக வரும் நாகேஷ் அப்பா பாலையாவிடம் சொல்லும் திகில் கதையின் இருட்டும் பயங்கரமும் திரையில் எங்கேயும் கிடையாது. அதையெல்லாம் நாம் பார்ப்பது பாலையாவின் முகத்தில்தான். முதலில் மகனுடைய தொல்லை தாங்காமல் வேண்டாவெறுப்பாகக் காது கொடுக்கிறார். கொஞ்ச நேரத்தில் கண் அகலுகிறது. அப்புறம் ஒவ்வொரு சத்தத்துக்கும் உடம்பு தூக்கிப் போடுகிறது. அவர் மட்டும் கொஞ்சம் முந்திப் பயந்திருந்தால், நாகேஷ் என்ன கத்தினாலும் அந்தக் கதை எடுபட்டிருக்காது.

நான் இருப்பது மும்பை செம்பூரில். பொங்கல் விழாவுக்கு எங்கள் பக்கத்துப் பிள்ளைகளை வைத்து நாடகம் போடுவது என் வேலை. வீட்டில் மட்டும் தமிழ் பேசுகிற பிள்ளைகள். வசனத்தை இந்தி எழுத்தில் எழுதி வைத்துக்கொண்டு உருப்போடுவார்கள். உச்சரிப்பைக்கூடத் திருத்திவிடலாம். ஆனால் தன் வசனம் முடிந்ததும் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு அடுத்த வசனத்துக்காகக் காத்து நிற்பார்கள் பாருங்கள், அதைத் திருத்துவதுதான் பெரும்பாடு. அவர்களுக்கு இந்தக் காட்சியைச் சத்தமில்லாமல் ஓடவிட்டு, பாலையாவை மட்டும் பாருங்கள் என்பேன். போன முறை ஒரு பெண், "அங்கிள், எந்த இடத்துல பேய் வருதுன்னுகூட இவர் மூஞ்சியிலயே தெரியுது" என்றாள். நான் சொல்லிக் கொடுக்க நினைத்ததும் அதைத்தான்.

இது மேடை கொடுத்த பழக்கம் என்பது என் கருத்து. பாலையா நாடகக் கம்பெனியில் தேறி வந்தவர். அந்தக் கால நாடகத்தில் ராஜபார்ட், அதாவது கதாநாயக நடிகர், பாடி முடித்தால் கொட்டகையிலிருந்து 'ஒன்ஸ்மோர்' கேட்பார்கள். அதே பாட்டைத் திரும்பப் பாடுவார். பக்கத்தில் நிற்கிற வில்லனோ தோழனோ அதுவரை கோபத்தையோ குழைவையோ கலையாமல் வைத்திருக்க வேண்டும். குளோசப் கிடையாது, கட் கிடையாது. அப்படி நின்று பழகியவருக்குக் கேமரா முன்னால் கேட்டுக்கொண்டு இருப்பது சும்மா இருப்பதாகத் தோன்றியிருக்காது.

சினிமாவுக்கு அவர் வந்தது 1936-இல், எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'யில் வில்லனாக. எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். அடுத்த வருடமே 'அம்பிகாபதி'யில் எம்.கே.டி.பாகவதருக்கு எதிராளி. 1956-இல் 'மதுரை வீரன்', அங்கும் வில்லத்தனம். 1959-இல் 'பாகப்பிரிவினை'யில் மனைவி பேச்சைக் கேட்டுத் தம்பி எஸ்.வி.சுப்பையாவை விட்டுப் பிரிகிற அண்ணன். அந்த அண்ணனை முழுசாக வெறுக்க நம்மால் முடியவில்லை. 1964-இல் 'காதலிக்க நேரமில்லை', அது ரவிச்சந்திரனுக்கு முதல் படம். எம்.ஜி.ஆர் அறிமுகமான படத்திலும் இவர், ரவிச்சந்திரன் அறிமுகமான படத்திலும் இவர். இரண்டுக்கும் நடுவில் 28 வருடம்!

எனக்கு எல்லாவற்றுக்கும் மேல் 'திருவிளையாடல்' (1965) படத்தில் பாட்டுப் போட்டிக்கு வரும் கர்வக்கார வித்வான், ஹேமநாத பாகவதர்தான். 'ஒரு நாள் போதுமா' பாட்டைப் பாடியவர் பாலமுரளிகிருஷ்ணா. பாலையா வெறுமனே வாயசைக்கவில்லை. மூச்சு எங்கே எடுப்பது, கழுத்து எப்போது திரும்புவது, சபையைப் பார்க்கும் அந்த அலட்சியம் என்று எல்லாமே ஒரு வித்வானுடையது. இது பலரும் சொல்வது. நான் சொல்ல வருவது அதற்கு அப்புறம் வரும் இரவை. விறகு விற்பவராக வந்திருக்கும் சிவாஜி பாடத் தொடங்குகிறார். ஊரையே அடிமையாக்க வந்த மனிதர் இப்போது வெறும் கேட்பவர். போட்டியில் தன்னை எதிர்த்துப் பாட வேண்டிய பாணபத்திரர் தேறாது என்று ஒதுக்கிவிட்ட ஆள்தான் இப்படிப் பாடுகிறார் என்று தெரிந்ததும், அந்தக் கர்வம் கண்முன்னே கரைந்து போகிறது. விடிவதற்குள் ஊரை விட்டே போய்விடுவார் என்பது அந்த முகத்திலேயே முடிவாகிவிடும். எம்.ஆர்.ராதாவாக இருந்தால் காட்சியைத் தன் பக்கம் இழுத்திருப்பார், அது வேறு வகை மேதைமை. பாலையா எதிரில் இருப்பவரை உயர்த்திவிட்டுத் தானும் உயர்ந்து நிற்பார்.

இதற்குப் பிறகும் சந்தேகம் இருந்தால் 'தில்லானா மோகனாம்பாள்' (1968) பாருங்கள். 'நலந்தானா' பாட்டில் எல்லோர் கண்ணும் பத்மினி மேலும் சிவாஜி மேலும்தான் இருக்கும். ஒரு முறை அந்தப் பாட்டு முழுக்கத் தவில் வாசிக்கும் முத்துராக்குவாக வரும் பாலையாவை மட்டும் கவனித்துவிட்டு வந்து சொல்லுங்கள்.