வேலையை விட்டுவிட்டு மைக்கைப் பிடிக்கலாமா?

கேள்வி: டப்ளினில் ஒரு மருத்துவமனையில் நர்ஸாக இருக்கிறேன். வந்து ஒரு வருடம் ஆகிறது, வேலை பெர்மிட்டில்தான் இருக்கிறேன். இரவுப் பணி முடிந்து பஸ்ஸில் வரும்போது ரேடியோதான் துணை. ஊரில் கல்லூரி விழாக்களில் மேடையில் தொகுத்து வழங்கியிருக்கிறேன். இங்கே ரேடியோ தொகுப்பாளராக வேண்டும் என்று ஆசை. பிபிசி ரேடியோவில் புகழ்பெற்ற ஐரிஷ் தொகுப்பாளர் டெரி வோகன் வங்கி வேலையை உதறிவிட்டு வந்து பெரிய ஆளானார் என்று கூட வேலை பார்க்கும் ஐரிஷ் அக்கா ஒருவர் சொன்னார். நானும் வேலையை விட்டுவிட்டு ஒரு வருட ஒலிபரப்புப் படிப்பில் சேரலாமா? என் ஆங்கிலத்தில் தமிழ் வாடை அடிக்கும். அது தடையா? — வாசகி, டப்ளின்

பதில்: வேலையை விடாதீர்கள். இதை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் உங்கள் கடிதத்தில் ‘உதறிவிட்டு’ என்ற சொல் என்னைக் கொஞ்சம் பயமுறுத்துகிறது.

அந்த அக்கா சொன்னதில் பாதி சரி. வோகன் 1938-ல் லிமெரிக்கில் பிறந்தவர். அப்பா ஒரு மளிகைக் கடையின் மேலாளர். குடும்பம் டப்ளினுக்கு வந்தது, பெல்வெடியர் கல்லூரியில் படித்தார், ராயல் பேங்க் ஆஃப் அயர்லாந்தில் வேலைக்குச் சேர்ந்தார். அங்கே இருந்துகொண்டேதான் அறிவிப்பாளர் வேண்டும் என்ற செய்தித்தாள் விளம்பரத்தைப் பார்த்து அயர்லாந்தின் அரசு வானொலியான ரேடியோ ஏரனுக்கு விண்ணப்பம் போட்டார். முதலில் செய்தி வாசிப்பு, அறிவிப்பு, பேட்டி, ஆவணத் தொகுப்பு என்று சின்னச் சின்ன வேலைகள். அப்புறம்தான் பாட்டு, வினாடி வினா எல்லாம். 1960-களில் ‘ஜாக்பாட்’ என்ற வினாடி வினா அவரை அயர்லாந்தில் எல்லாருக்கும் தெரிந்த முகமாக்கியது. அந்த நிகழ்ச்சியும் 1967-ல் கைவிட்டுப் போனது.

அதே வருடம் செப்டம்பர் 30-ம் தேதி பிபிசி ரேடியோ 1 தொடங்கியது. வோகனுக்குக் கிடைத்தது ‘லேட் நைட் எக்ஸ்ட்ரா’ நிகழ்ச்சியில் செவ்வாய்க்கிழமை மட்டும். வாரத்துக்கு ஒரு நாள்! அதற்காக ஏறத்தாழ இரண்டு வருடம் டப்ளினிலிருந்து லண்டனுக்குப் போய் வந்துகொண்டிருந்தார். 1969 ஜூலையில் ஜிம்மி யங் என்ற பிபிசி தொகுப்பாளர் விடுப்பில் போனபோது அவருக்குப் பதிலாக ஒரு மாதம் உட்கார்ந்தார். அது நன்றாக அமைந்ததால் பிற்பகல் நேரம் சொந்தமாகக் கிடைத்தது. 1972-ல் ரேடியோ 2-ன் காலை நிகழ்ச்சி. கணக்குப் போட்டுப் பாருங்கள்: விளம்பரம் பார்த்ததிலிருந்து அந்தக் காலை நாற்காலிக்கு வந்து சேரப் பத்து வருடத்துக்கு மேல். விடுப்பில் போனவருக்குப் பதில் உட்கார்வது இந்தத் தொழிலில் பெரிய வாசல். நர்ஸிங்கில் உங்களுக்கு இது புரியாமல் இருக்காது. யாரோ வராத ஷிப்டை எடுத்துத்தானே ஒரு வார்டில் பெயர் வாங்குகிறோம்.

அயர்லாந்தில் அவரைவிடப் பெரிய பெயர் கே பர்ன். டப்ளின்காரர், அப்பா கின்னஸில் வேலை பார்த்தவர். பர்ன் இன்ஷூரன்ஸ் நிறுவனத்தில் இருந்துவிட்டு 1950-களின் கடைசியில் ரேடியோவுக்கு வந்தார். ‘லேட் லேட் ஷோ’ என்ற தொலைக்காட்சிப் பேட்டி நிகழ்ச்சி 1962 ஜூலை 6-ம் தேதி தொடங்கியபோது அது கோடைக்காலத்து இடைவெளியை நிரப்ப வந்த தற்காலிக நிகழ்ச்சி. அவரும் அதை மட்டும் நம்பி உட்காரவில்லை. மான்செஸ்டரில் கிரானடா தொலைக்காட்சியிலும் வேலை பார்த்துக்கொண்டு டப்ளினுக்கு வந்து போனார். அந்தத் தற்காலிக நிகழ்ச்சியை 1999 மே வரை நடத்தினார், முப்பத்தேழு வருடம். கூடவே 1973 முதல் 1998 வரை தினமும் காலையில் ரேடியோ நிகழ்ச்சி வேறு.

மற்ற ஐரிஷ் தொகுப்பாளர்களையும் கொஞ்சம் பாருங்கள். மரியன் ஃபினுகேன் கட்டடக் கலை படித்தவர். பாட் கென்னி வேதிப் பொறியியல் படித்து, பாடம் நடத்திக்கொண்டிருந்தவர். ஜோ டஃபி, குற்றம் செய்தவர்களைக் கண்காணித்துத் திருத்தும் நன்னடத்தை அதிகாரியாக இருந்தவர். அவர் கே பர்னின் காலை நிகழ்ச்சிக்குச் செய்தியாளராக ஓடி ஓடித் தொழில் பழகி, 1999-ல் ‘லைவ்லைன்’ நிகழ்ச்சியின் நாற்காலிக்கு வந்தார். பொதுமக்கள் போன் போட்டுத் தங்கள் குறையைச் சொல்லும் நிகழ்ச்சி அது. சிறைக்குப் போய் வந்தவர்களிடம் உட்கார்ந்து பேசிப் பழகியவருக்கு, போனில் அழுபவரிடம் எப்போது வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்று தெரியும். அதை எந்தப் படிப்பும் ஒரு வருடத்தில் சொல்லித் தராது.

நர்ஸாக உங்களுக்கும் அது இருக்கிறது. ஆனால் ஒரு எச்சரிக்கை: நோயாளிகளின் கதை ஒலிபரப்புக்கான சரக்கு இல்லை. பெயரை மாற்றிச் சொன்னாலும் சின்ன ஊரில் ஆளைக் கண்டுபிடித்துவிடுவார்கள். அயர்லாந்து முழுவதுமே அந்த வகையில் சின்ன ஊர்தான். நர்ஸாக வேலை பார்க்க உங்களுக்கு இருக்கும் பதிவே ரத்தாகக்கூடிய விஷயம் இது, விளையாட வேண்டாம்.

இனி உச்சரிப்பு. உங்கள் கடிதத்தில் இதுதான் உண்மையான கவலை என்று நினைக்கிறேன், படிப்புக் கட்டணம் எல்லாம் இதற்குப் பின்னால்தான்.

வோகன் ஐரிஷ் குரலில் பிரிட்டனின் காலைப் பொழுதுகளைப் பேசிய காலத்தை நினைத்துப் பாருங்கள். 1974 நவம்பரில் பர்மிங்காமில் மதுக்கடைகளில் ஐஆர்ஏ என்ற ஐரிஷ் ஆயுதக் குழுவின் குண்டு வெடித்து 21 பேர் இறந்தார்கள். ஐரிஷ்காரர் என்றாலே பிரிட்டனில் பலர் முகம் சுளித்த நாட்கள். அந்த நாட்களிலும் அவர் அதே குரலில், அதே லிமெரிக் இழுவையோடு காலையில் வந்து உட்கார்ந்தார். குரலை இங்கிலீஷ்காரர் மாதிரி மாற்றிக்கொள்ளவில்லை. 1984 டிசம்பரில் தொலைக்காட்சிக்குப் போய், 1993 ஜனவரியில் அதே காலை நேரத்துக்குத் திரும்பி வந்து, 2009 டிசம்பர் வரை நடத்தினார். கடைசியில் கேட்டவர்கள் சுமார் எண்பது லட்சம் பேர். எத்தனை பேர் கேட்கிறார்கள் என்று யாரோ கேட்டதற்கு ‘ஒரே ஒருவர்தான்’ என்று பதில் சொன்னதாக ஒரு கதை இன்றும் ரேடியோக்காரர்களிடம் சுற்றுகிறது. கதை எப்படியோ, அவர் பேசிய விதம் அப்படித்தான். ‘நேயர்களே’ என்று கூட்டத்தைக் கூப்பிடும் மேடைக்குரல் அவரிடம் கிடையாது. அடுப்படியில் நிற்கும் ஒருவரிடம், காரில் தனியாகப் போகும் ஒருவரிடம் பேசுகிற தொனி. நீங்கள் கல்லூரி மேடையில் பழகியது இதற்கு நேர் எதிர் என்பதால், உச்சரிப்பைவிட முதலில் உங்களிடம் மாற வேண்டியது அந்த மேடைக்குரல்தான் என்று சந்தேகப்படுகிறேன்.

இன்னொன்றும் அவரிடம் கற்கலாம். நிகழ்ச்சியின் பாதிச் சரக்கைக் கேட்பவர்களே எழுதி அனுப்பினார்கள். அவர்களுக்கு ‘டெரியின் கிழடுகள்’ என்கிற மாதிரி ஒரு செல்லப்பெயர்கூட இருந்தது. கடிதத்தை எடுத்துப் படிப்பார், நடுவில் தானே சிரித்துவிடுவார், செய்தி வாசிப்பவரையும் வம்புக்கு இழுப்பார். கேட்க ஏதோ தயாரிப்பே இல்லாத அரட்டை போல இருக்கும். அந்த அரட்டையைச் செய்து பாருங்கள், நாலு நிமிடத்தில் நாக்கு வறண்டுவிடும்.

கடிதம் என்றதும் கே பர்னைச் சொல்லாமல் போக முடியாது. 1984 ஜனவரி 31-ல் லாங்ஃபோர்ட் மாவட்டத்தில் கிரானார்ட் என்ற சிற்றூரில் 15 வயதுப் பெண் ஒருத்தி, மாதா கெபியில் தனியாகக் குழந்தை பெற்று இறந்துபோனாள். குழந்தையும் பிழைக்கவில்லை. அதைத் தொடர்ந்து பர்னின் ரேடியோ நிகழ்ச்சிக்குக் கடிதங்கள் குவிந்தன. பத்து, இருபது, நாற்பது வருடங்களாக யாரிடமும் சொல்லாத இதே மாதிரியான தங்கள் கதையைப் பெண்கள் எழுதியிருந்தார்கள். அவர் அடுத்த மாதம் கிட்டத்தட்ட ஒரு முழு நிகழ்ச்சியையே அந்தக் கடிதங்களைப் படிப்பதற்குக் கொடுத்தார். அயர்லாந்தின் ரேடியோ வரலாற்றில் அந்த ஒரு காலை இன்றும் பேசப்படுகிறது. அதில் தொகுப்பாளர் செய்தது என்ன? கடிதங்களுக்கு வழிவிட்டு ஒதுங்கி நின்றார். ‘நான் நன்றாகப் பேசுவேன்’ என்று விண்ணப்பத்தில் எழுதும் எவரும் இதை ஒரு தடவை யோசிக்கலாம்.

சரி, தமிழ் வாடைக்கு வருவோம். அது தடையில்லை. தடையாகக் கூடியது வேறு: ஐரிஷ் பெயர்கள். எழுத்தில் கடைசியில் ‘எம்’மும் ‘எச்’சும் நிற்கும், வாயில் ‘நீவ்’ என்று வரும். இன்னொன்று ‘ஷிவான்’. டப்ளினுக்குப் பக்கத்துத் துறைமுக ஊரை ‘டன் லீரி’ என்கிறார்கள், எழுத்தைப் பார்த்து யாரும் அப்படிப் படிக்க மாட்டார்கள். இங்கே பல உள்ளூர் நிலையங்கள் மரண அறிவித்தல் வாசிக்கின்றன. இலங்கை வானொலி கேட்டு வளர்ந்தவர்களுக்கு இது புதிதாக இருக்காது. இறந்தவரின் பெயர், ஊர், எந்தத் தேவாலயம், எத்தனை மணி என்று வரிசையாக வரும். அதில் பெயரைத் தப்பாகச் சொன்னால் மன்னிக்க மாட்டார்கள், மற்ற எல்லாவற்றையும் மன்னிப்பார்கள். உங்கள் வார்டில் தினமும் இருபது ஐரிஷ் பெயர்களைக் கூப்பிடுகிறீர்களே, அதைவிட நல்ல பயிற்சிக்கூடம் கிடையாது. தெரியாத பெயர் வந்தால் அவர்களிடமே கேளுங்கள், சந்தோஷமாகச் சொல்லித் தருவார்கள்.

பெர்மிட் விஷயம். நர்ஸ்கள் பொதுவாக வருவது, ஆள் தட்டுப்பாடுள்ள தொழில்களுக்கான கிரிட்டிகல் ஸ்கில்ஸ் பெர்மிட்டில். நீங்களும் அதில் இருந்தால் உங்கள் இருப்பே அந்த வேலையோடு கட்டப்பட்டது, ராஜினாமா என்பது சம்பளக் கணக்கு மட்டுமில்லை. ஏறத்தாழ இரண்டு வருடம் முடித்தால் ஸ்டாம்ப் 4 என்ற தங்கும் அனுமதிக்குப் போகலாம். அதன்பின் தனி பெர்மிட் இல்லாமல் வேறு வேலையும் பார்க்கலாம், சொந்தத் தொழிலும் செய்யலாம். இது ஏன் முக்கியம் என்றால், ரேடியோவில் தொகுப்பாளர்கள் பலர் நிலையத்தின் ஊழியர்களே கிடையாது. ஒப்பந்தக்காரர்கள். நிகழ்ச்சி இருக்கும்வரை காசு, நின்றால் அவ்வளவுதான். இப்போதைக்குக் காசு வாங்கிக்கொண்டு எதையும் ஒலிபரப்பாதீர்கள். ஸ்டாம்ப் கையில் வரட்டும்.

ஒப்பந்த வாழ்க்கை உச்சியிலும் ஆடும். ரையன் டப்ரிடி ‘லேட் லேட் ஷோ’வை 2009 முதல் 2023 மே வரை நடத்தினார். அடுத்த மாதமே, 2017 முதல் 2022 வரை அவருக்குக் கொடுத்த சம்பளத்தில் வெளியே சொன்ன தொகையைவிட 3,45,000 யூரோ கூடுதலாகப் போயிருக்கிறது என்று அயர்லாந்தின் அரசு ஒலிபரப்பு நிறுவனமான ஆர்டிஇயே அறிவித்தது. நாடாளுமன்றக் குழு விசாரணை வரை போனது. ரேடியோ நாற்காலிக்குத் திரும்பும் பேச்சுவார்த்தை ஆகஸ்டில் முறிந்தது. 2024 ஜனவரியில் அவர் லண்டனில் வேறொரு நிலையத்தில் காலை நிகழ்ச்சி செய்துகொண்டிருந்தார். கே பர்ன்கூட 1980-களில் தன் சேமிப்பை இழந்தவர்: நம்பிப் பணத்தை ஒப்படைத்திருந்த கணக்காளர் இறந்த பிறகுதான் அது காணாமல் போனது தெரிந்தது. ஆக, பென்ஷனும் விடுப்பும் உள்ள உங்கள் வேலையை இந்தத் தொழிலில் இருக்கும் பலர் பொறாமையோடு பார்ப்பார்கள்.

அந்த ஒரு வருடப் படிப்பு? பணமும் நேரமும் மிச்சமிருப்பவர்களுக்கு நல்லது. எடிட்டிங், சட்டம் எல்லாம் ஒழுங்காகச் சொல்லித் தருவார்கள். உங்களுக்கு இப்போது தேவை மைக்குக்கு முன்னால் உட்காரும் நேரம். அதற்கு டப்ளினில் சமூக வானொலி இருக்கிறது. கூலாக்கில் உள்ள நியர் எஃப்எம் தன்னார்வலர்களை வைத்து நடப்பது, குடியேறிகளின் மொழிகளுக்கும் இடம் கொடுத்த நிலையம். பயிற்சியும் தருகிறார்கள். போய்க் கதவைத் தட்டுங்கள். நிகழ்ச்சி கொடுங்கள் என்று கேட்க வேண்டாம், யாருக்காவது உதவிக்கு ஆள் வேண்டுமா என்று கேளுங்கள். போன் எடுப்பது, விருந்தினரைக் கூட்டி வருவது, இசைத் துண்டு வெட்டுவது என்று ஆரம்பிக்கும். ஷிப்ட் வேலை இதற்கு வசதி: மற்றவர்கள் வர முடியாத செவ்வாய்க்கிழமை மத்தியானம் நீங்கள் ஓய்வாக இருப்பீர்கள். நிலையத்துக்கு அப்படிப்பட்ட ஆள்தான் வேண்டும்.

ஆறு மாதம் இப்படிப் போனபின், நிலையங்களுக்கு அனுப்ப ஒரு டெமோ, அதாவது மாதிரி ஒலிப்பதிவு, செய்யுங்கள். முதல் இருபது விநாடியிலேயே உங்கள் பேச்சு வர வேண்டும், பாட்டை வெட்டி எறியுங்கள். கேட்பவர் அதற்கு மேல் பொறுமையாக இருக்க மாட்டார். வோகன் பிபிசிக்கு அனுப்பிய டேப்பைத் திருப்பிச் சுற்றாமலே அனுப்பிவிட்டார். கேட்க எடுத்த அதிகாரி நல்ல மனுஷர், தானே சுற்றிக் கேட்டார். இன்று அனுமதி கேட்கும் லிங்க்கை அனுப்பினால் யாரும் அனுமதி கேட்டு எழுத மாட்டார்கள், அடுத்த மெயிலுக்குப் போய்விடுவார்கள். வேறொரு போனில் திறந்து பார்த்துவிட்டு அனுப்புங்கள். எனக்கும் ஒரு பிரதி வரட்டும். இரண்டு நிமிடத்துக்கு மேல் வேண்டாம்.