எங்கள் சபை யாருக்குச் சொந்தம்?

கேள்வி: மலேசியாவின் பேராக்கில், சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்தில் என் தாத்தா காலத்தில் மானேஜர் காட்டிய இடத்தில் ஒரு தேவாலயம் கட்டினார்கள். தோட்டம் கைமாறியதும் நாங்கள் தமானுக்கு (குடியிருப்புப் பகுதிக்கு) வந்துவிட்டோம். இப்போது கடைவீட்டு மாடியில் ஆராதனை நடக்கிறது. எந்தப் பெரிய திருச்சபையோடும் நாங்கள் சேரவில்லை, பதிவும் இல்லை. காணிக்கைப் பணம் போதகர், ஒரு மூப்பர் ஆகிய இருவர் பெயரில் வங்கியில் கிடக்கிறது. கணக்குக் கேட்டால், “ஊழியத்தைத் தொடங்கியவன் நான், சபை என்னுடையது” என்கிறார் போதகர். அவர் சொல்வது சரியா? பழைய தேவாலயத்தில் எங்களுக்கு உரிமை உண்டா?

பதில்: அவர் சொல்வது சரியில்லை. சபைக்கென்று கொடுத்த காணிக்கை, யார் பெயரில் கிடந்தாலும், சபையின் காரியத்துக்காக அவர்கள் கையில் ஒப்படைத்த பணம்தான். ஆனால் அதை நிரூபிக்க உங்களிடம் என்ன காகிதம் இருக்கிறது? சிக்கல் அங்கேதான்.

எல்லாச் சபைகளையும் ஒரே அச்சில் வார்க்கும் சட்டம் மலேசியாவில் கிடையாது. கத்தோலிக்கத் திருச்சபையில் 1957ஆம் ஆண்டுச் சட்டப்படி ஆயர் பதவியே ஒரு சட்ட நபர், அதாவது தன் பெயரிலேயே சொத்து வைத்திருக்கக்கூடியது. ஆயர் மாறினாலும் சொத்து அந்தப் பதவியோடு நிற்கும். மெதடிஸ்ட் சபையில் போதகரை நியமிப்பதும் மாற்றுவதும் ஆண்டு மாநாட்டின் தலைவர். சொத்து அறங்காவலர்களிடம் இருக்கும். அங்கெல்லாம் “சபை என்னுடையது” என்று ஒரு போதகர் சொல்ல வழியே இல்லை. உங்களைப் போன்ற தனிச் சபைக்கு அந்த வேலியை நீங்களேதான் போட வேண்டும்.

1966ஆம் ஆண்டுச் சங்கங்கள் சட்டப்படி, ஏழு பேரோ அதற்கு மேலோ சேர்ந்து இயங்கினால் அது சங்கம். பதிவு செய்ய வேண்டியது கட்டாயம். ஆகவே இப்போதைய நிலை உங்களுக்கும் நல்லதல்ல. சங்கப் பதிவிலாகாவில் இணையம் வழியாகவே விண்ணப்பிக்கலாம். அறங்காவலர்களை 1952ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் பதிவு செய்வது, உத்தரவாத வரம்புள்ள கம்பெனி (பங்கு இல்லாமல், உறுப்பினர்களின் உத்தரவாதத்தில் நடப்பது) தொடங்குவது என்று வேறு வழிகளும் உண்டு. உங்கள் அளவுக்குச் சங்கப் பதிவே போதும் என்பது என் கருத்து.

பலர் அவசரப்பட்டு வேறு ஏதோ ஒரு சங்கத்தின் சட்டதிட்டத்தை (விதிமுறைகளை) நகலெடுத்துக் கொடுத்துவிடுகிறார்கள். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். யார் உறுப்பினர், போதகரை அழைப்பதும் நீக்குவதும் யார், காசோலையில் யார் யார் கையெழுத்து, சபை கலைந்தால் சொத்து எங்கே போகும் என்ற நான்கையும் சபையார் எல்லாரும் உட்கார்ந்து பேசி எழுதுங்கள். போதகர் செயற்குழுவில் இருக்கலாம். ஆனால் பணத்தில் கையெழுத்திடும் உரிமை அவர் கையில் வேண்டாம். இது அவர்மேல் சந்தேகம் அல்ல, அவருக்கும் அதுதான் பாதுகாப்பு. பதிவான பிறகு அந்த விதிகளை மாற்றப் பதிவாளரின் ஒப்புதல் வேண்டும், ஆண்டுப் பொதுக்கூட்டம் முடிந்து 60 நாளுக்குள் கணக்கு அனுப்பவும் வேண்டும். நிலம் வாங்கினால் சங்கத்தின் பெயரிலேயே கிராண்ட் (நில உரிமைப் பத்திரம்) எடுக்கலாம். அந்த நிலப் பத்திரங்களில் பதிவாளர் சான்று பெற்ற மூன்று பொறுப்பாளர்கள் கையெழுத்திட வேண்டும். வருமான வரிச் சலுகை தானாக வராது, அதற்குத் தனி விண்ணப்பம்.

இனி பழைய தேவாலயம். இதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை, ஆனாலும் சொல்ல வேண்டும். நிலத்தில் நிலையாக எழுப்பிய கட்டடம் நிலத்தோடு சேர்ந்தது. எத்தனை தலைமுறை அங்கே ஜெபித்திருந்தாலும், தேசிய நிலச் சட்டம் 341ஆவது பிரிவு அந்த நெடுநாள் அனுபோகத்தை உரிமையாக ஏற்காது. “இது உங்களுக்குத்தான்” என்று துரை (தோட்ட மானேஜர்) வாயால் சொன்னதும் போதாது. இப்போதைய உரிமையாளரே இடத்தைக் கொடுக்க நினைத்தாலும், 40 ஹெக்டர் அல்லது அதற்கு மேற்பட்ட தோட்டமாக இருந்தால், அதில் ஒரு துண்டை மட்டும் கைமாற்றத் தோட்ட நில வாரியத்தின் அனுமதி வேண்டும் (214ஏ பிரிவு). அதற்குமேல் விவசாய நிலத்தின் பயன்பாட்டு வகையையும் மாற்ற வேண்டும். ஆனாலும் நிர்வாகம் கொடுத்த கடிதம் ஏதாவது இருந்தால், பழைய கிராணிமார் (தோட்ட எழுத்தர்கள்) வீட்டில் இருந்தால்கூட, தேடி எடுங்கள். மாற்று இடமோ இழப்பீடோ கேட்டு, சட்டமன்ற உறுப்பினர் வழியாகவும் எழுதுங்கள். உரிமையாக இல்லாவிட்டாலும் நியாயமாகக் கேட்கலாம்.

பணத்துக்கு முதல் வேலை இதுதான்: ஆராதனை முடிந்ததும் கூட்டம் போட்டுத் தீர்மானம் எழுதி, வந்தவர்கள் எல்லாரிடமும் கையெழுத்து வாங்குங்கள். காணிக்கைப் பதிவேடு, ரசீதுகள், வங்கி அறிக்கை எல்லாவற்றையும் நகல் எடுங்கள். அந்த மூப்பரோ போதகரோ திடீரென்று இறந்தால் வங்கி கணக்கை முடக்கலாம், வாரிசுகள் அது தங்கள் சொத்து என்று நினைக்கவும் கூடும். அதனால் அந்தப் பணம் சபையுடையது என்று இருவரும் இப்போதே ஓர் உறுதிக் கடிதம் எழுதித் தரட்டும். பதிவு கிடைத்ததும் சங்கத்தின் பெயரில் கணக்குத் திறந்து பணத்தை மாற்றச் சொல்லுங்கள். மறுத்தால் வழக்கறிஞர் நோட்டீஸ். அப்புறமும் அசையாவிட்டால், உங்களில் சிலர் எல்லாருக்காகவும் சிவில் வழக்குத் தொடரலாம். போலீஸ் புகாரை முதல் அடியாக எடுக்காதீர்கள். பணம் உண்மையிலேயே கையாடப்பட்டிருக்கிறது என்று வங்கி அறிக்கை காட்டினால் மட்டும் அதை யோசியுங்கள்.