பிரிட்டன் ஆர்டரை நம்பி வீட்டை அடமானம் வைக்கலாமா?

கேள்வி: திருப்பூரில் ஜாப் ஒர்க் முறையில், அதாவது கம்பெனி தரும் துணியைக் கூலிக்குத் தைத்துக் கொடுக்கும் முறையில், பவர் டேபிள் என்னும் தையல் யூனிட் நடத்துகிறேன். 24 மெஷின். மாதம் சுமார் 8 லட்சம் ரூபாய்க்குப் பில் போடுகிறேன், பணம் வர மூன்று மாதம் ஆகிவிடுகிறது. பிரிட்டனுடன் வர்த்தக ஒப்பந்தம் போட்டிருப்பதால் வேலை குவியப்போகிறது, மெஷினை இரண்டு மடங்காக்குங்கள் என்று எனக்கு வேலை தரும் எக்ஸ்போர்ட் கம்பெனியில் சொல்கிறார்கள். வீட்டுப் பத்திரத்தை வைத்தால் 12 சதவீத வட்டியில் 40 லட்சம் தர ஒரு நிதி நிறுவனம் தயாராக இருக்கிறது. மச்சானும் “இப்ப விட்டா எப்போ?” என்கிறார். வாங்கலாமா அய்யா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகர், திருப்பூர்

பதில்: வாங்க வேண்டாம். தொழிலைப் பெருக்குவது தப்பில்லை. வீட்டை வைத்துப் பெருக்குவதுதான் வேண்டாம் என்கிறேன்.

உங்கள் கணக்கையே எடுத்துக்கொள்வோம். 8 லட்சம் பில், மூன்று மாதக் கடன் என்றால் எந்த நேரத்திலும் சுமார் 24 லட்சம் ரூபாய் வெளியில் நிற்கிறது. மெஷின் இரண்டு மடங்கானால் நிற்கும் பணம் 48 லட்சம். புதிதாக வேலைக்கு வரும் டெய்லருக்குச் சனிக்கிழமை சம்பளம் கொடுத்தாக வேண்டும். ஒடிசா, பீகாரிலிருந்து ஆள் வந்தால் தங்க இடமும் பார்க்க வேண்டும். வேலை தரும் பார்ட்டியிடமிருந்து பணம் வருவதோ தொண்ணூறு நாள் கழித்து. ஆக, 40 லட்சத்தில் மெஷினுக்குப் போவது ஒரு பகுதிதான், பெரும்பகுதி அந்தக் கம்பெனியின் பாக்கியாகப் போய் உட்கார்ந்துகொள்ளும். உங்கள் வீட்டுப் பத்திரத்தை வைத்து அவர்களுக்கு வட்டியில்லாக் கடன் கொடுக்கிறீர்கள். அதற்கான வட்டியை நீங்கள் கட்டுகிறீர்கள். பத்து ஆண்டுக் கடன் என்றால் மாதத் தவணை 57,000 ரூபாயைத் தாண்டும். உங்கள் லாபத்தை நீங்கள் எழுதவில்லை. எல்லாச் செலவும் போக பில்லில் பத்து சதவீதம் கையில் நின்றாலே நல்ல பவர் டேபிள் என்பேன்.

சரி, ஒப்பந்தத்துக்கு வருவோம். 2025 ஜூலை 24-இல் கையெழுத்தானது. பிரிட்டனில் நம் ஆடைகளுக்கு 12 சதவீதம் வரை இருந்த இறக்குமதி வரியை நீக்குவது அதன் முக்கியப் பலன். நல்ல செய்திதான். ஆனால் வங்கதேசத்துக்கு அங்கே ஏற்கெனவே வரி கிடையாது. இவ்வளவு நாள் பின்னால் நின்ற நாம் இப்போது அவர்களோடு ஒரே கோட்டுக்கு வருகிறோம், அவ்வளவுதான். மிச்சமாகும் வரியில் பங்கு கேட்டு முதலில் பேரம் பேசுவது பிரிட்டன் பையர். அடுத்து எக்ஸ்போர்ட்டர் தன் பங்கை எடுப்பார். உங்கள் பீஸ் ரேட்டுக்கு வந்து சேரும்போது அதில் என்ன மிஞ்சும்? “ரேட்டை ஏற்றித் தருவீர்களா?” என்று அந்தக் கம்பெனியிடமே கேளுங்கள். “மெஷின் போடுங்கள்” என்று சொன்ன அதே வேகத்தில் இதற்குப் பதில் வருகிறதா என்று கவனியுங்கள்.

சந்தை திறப்பதால் திருப்பூருக்கு நன்மையே இல்லை என்று சொல்ல மாட்டேன். 1991 ஜூலையில் ரூபாயின் மதிப்பைக் குறைத்ததும், 2005 ஜனவரி 1 முதல் உலக ஆடை வர்த்தகத்தில் ஒரு நாடு இவ்வளவுதான் அனுப்பலாம் என்ற கோட்டா முறை ஒழிந்ததும் இந்த ஊரை வளர்த்தன. ஆனால் திறந்த கதவு வழியாகப் பொருள் உள்ளேயும் வரும். 2011-இல் வங்கதேச ஆடைகளுக்கு இந்தியா வரியை நீக்கியது. திருப்பூரின் ஆடைச் சந்தையான காதர்பேட்டையில் உள்நாட்டு வியாபாரம் செய்கிறவர்கள் அதைப் பற்றி மணிக்கணக்கில் பேசுவார்கள். 2025 மே மாதம் அந்த ஆடைகள் தரைவழியாக வருவதை அரசு நிறுத்தி, மும்பை அருகே உள்ள நவசேவா, கொல்கத்தா துறைமுகங்கள் வழியாக மட்டும் வரலாம் என்றது. அதே ஆண்டு ஆகஸ்ட் 27 முதல் அமெரிக்கா நம் சரக்கு மீதான வரியை 50 சதவீதமாக உயர்த்தியது, ஊரில் பல ஆர்டர்கள் அப்படியே நின்றன. ஏதோ ஒரு தலைநகரில் போடும் கையெழுத்து நம் ஷிப்ட் எண்ணிக்கையை மாற்றுகிறது. பெரிய கம்பெனிக்கு அமெரிக்கா இல்லையென்றால் ஐரோப்பா. உங்களுக்கு? ஒரே பார்ட்டி. வேலை குறைந்தால் அவர்கள் முதலில் நிறுத்துவது வெளியில் கொடுக்கும் ஜாப் ஒர்க்கைத்தான். நீங்கள் எழுதியதில் என்னை அதிகம் உறுத்தியது அந்த ஒரே பார்ட்டிதான், கடன்கூட அதற்கு அடுத்துதான்.

அதனால் முதலில் பில்லைச் சீர்செய்யுங்கள். சிறு தொழில்களுக்கான அரசுப் பதிவான உத்யம் பதிவு இருக்கிறதா? இல்லையென்றால் ஆன்லைனில் இலவசமாகவே எடுக்கலாம், இடைத்தரகருக்குப் பணம் கொடுக்காதீர்கள். உத்யம் பதிவு பெற்ற குறு, சிறு நிறுவனத்துக்கு எழுத்து ஒப்பந்தம் இருந்தால் அதிகபட்சம் 45 நாளில், இல்லாவிட்டால் 15 நாளில் பணம் தர வேண்டும் என்பது சட்டம். தாமதமானால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி உண்டு. அதைவிடக் கூர்மையான ஆயுதம் வருமான வரிச் சட்டத்தில், 2024 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த விதி. கெடு தாண்டி, நிதியாண்டு முடிந்தும் பாக்கி நிற்கும் தொகையை உங்கள் பார்ட்டி அந்த ஆண்டுச் செலவாகக் காட்ட முடியாது, பணம் தரும் ஆண்டில்தான் காட்டலாம். அவர்களின் ஆடிட்டருக்கு இது நன்றாகத் தெரியும். ‘உத்யம் பதிவை ரத்து செய்துவிட்டு வா’ என்று சொல்லும் பார்ட்டிகளும் உண்டு என்று கேள்வி. அப்படிச் சொன்னால் அவரை நம்பி மெஷின் போடாதீர்கள்.

பாக்கி வராத சிறு நிறுவனங்களுக்காக அரசு நடத்தும் சமாதான் இணையதளத்தில் புகார் கொடுக்கலாம்தான். ஆனால் ஒரே பார்ட்டியை நம்பி இருக்கும்போது புகார் கொடுத்தால் மறுநாள் வேலை இருக்காது என்பது எனக்கும் தெரியும். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். இப்போதைக்கு, புது ஆர்டருக்கு மட்டுமாவது 45 நாள் என்று எழுதி வாங்குங்கள். மொத்த பில்லும் அந்தக் கணக்குக்கு வந்துவிட்டால் 12 லட்சம் ரூபாய் கைக்குத் திரும்பும், வட்டியே இல்லாமல்.

அப்புறம் மெஷின். 24-ஐ 48 ஆக்க வேண்டாம், எட்டு பத்து போதும். சிறு தொழில்களுக்கான கடன் உத்தரவாத நிதியத்தின் கீழ் சொத்து அடமானம் இல்லாமல் மெஷின் கடன் கேட்டுப் பொதுத்துறை வங்கியில் விண்ணப்பியுங்கள். ஆண்டுக்கு ஒரு சிறு கட்டணம் உண்டு, பரவாயில்லை. 11 சதவீத வட்டியில் 12 லட்சம், ஐந்து ஆண்டு என்றால் தவணை சுமார் 26,000. மெஷின் வாங்குவதற்கு முன்பே மாவட்டத் தொழில் மையத்துக்குப் போய் மானியம் உண்டா என்று விசாரித்துவிடுங்கள், வாங்கிய பிறகு போனால் பயன் இருக்காது. புது மெஷின்களில் பாதியையாவது வேறு பார்ட்டி வேலைக்கு ஒதுக்குங்கள், உள்நாட்டு வேலையாக இருந்தாலும் சரி.

மச்சானுக்கு இவ்வளவு நம்பிக்கை இருந்தால் பங்குதாரராகச் சேர்ந்து பணம் போடச் சொல்லுங்கள். சம்மதித்தால் பங்கு ஒப்பந்தத்தை ஆடிட்டரை வைத்து எழுதிக்கொண்டு, அதன் பிறகு எனக்கு மறுபடி எழுதுங்கள், கணக்கைப் புதிதாகப் போடலாம்.