லெஃப்ட் சைடை இன்னும் யாரும் தொடலையே?

வாசகர் கேள்வி (சுருக்கியிருக்கேன்): "திருச்சியில இருக்கேன் சார், 2016 மாடல் ஹேட்ச்பேக். போன ஆகஸ்ட்ல ஒரு மல்டி பிராண்ட் ஒர்க்‌ஷாப்ல சர்வீஸ் விட்டேன். முன்னாடி ரெண்டு பக்கமும் லோயர் ஆர்ம் பால் ஜாயின்ட் (வீலைத் தாங்குற கீழ்க் கையோட உருண்டை மூட்டு) ரப்பர் பூட், அதாவது அதை மூடுற உறை, கிழிஞ்சிருக்கு, மாத்தணும்னாங்க, சரின்னேன். பில்லுல பூட் ரெண்டு 560, லேபர் 1,400, அலைன்மென்ட் 600ன்னு தனித்தனியா இருக்கு. டிசம்பர்ல குடும்பத்தோட மதுரை போறப்ப விராலிமலை தாண்டி ரைட் முன் வீல் மடங்கி மீடியன்ல மோதிட்டோம். யாருக்கும் அடி இல்லை. வேற ஷெட்ல ரைட் சைடை பிரிச்சுப் பார்த்தா பூட் பழசேதான், கிழிஞ்சு உள்ள எல்லாம் துரு. லெஃப்ட் சைடு இன்னும் பிரிக்கலை. முதல் ஒர்க்‌ஷாப் ஓனர்கிட்ட கேட்டதுக்கு மனைவி, மாமனார் முன்னாடியே மரியாதை இல்லாம பேசினார். ரிப்பேர் மொத்தம் 92,000. இன்சூரன்ஸ்ல 63,000 பாஸ் ஆகியிருக்கு, பணம் இன்னும் வரலை. க்ளெய்ம் ஃபார்ம்ல ஏஜென்ட் சொன்னபடி நாய் குறுக்க வந்ததா எழுதிட்டோம். எனக்கு 10 லட்சம் நஷ்டஈடு வேணும், சீட்டிங் கேஸும் போடணும். விடமாட்டேன் சார்."

பதில்:

சார், குழந்தைங்களோட போயிட்டிருக்கப்ப வீல் மடங்குறதுன்னா என்னன்னு எனக்குப் புரியுது, அந்தக் கோவத்துல நியாயம் இருக்கு. ஆனா நீங்க எழுதின நாலு பக்கத்துல அந்த ஓனர் என்ன வார்த்தை சொன்னார், மாமனார் எவ்வளவு வருத்தப்பட்டார், ரெண்டு மணி நேரம் உட்கார வச்சாங்கன்னு இருக்குற மூணு பக்கத்தை அப்படியே மடிச்சு வச்சிருங்க. அதுக்கெல்லாம் நுகர்வோர் கமிஷன்ல ஒரு ரூபா கிடைக்காது. சீட்டிங் கேஸும் வேணாம், 560 ரூபா பூட்டுக்கு பில் இருக்கு, ஸ்டேஷன்ல இது சிவில் மேட்டர், கன்ஸ்யூமர் கோர்ட் போங்கன்னுதான் சொல்லுவாங்க, அதுக்குள்ள மூணு மாசம் ஓடிடும்.

கேஸுக்கு வேண்டியது ஒரே ஒரு விஷயம். ஆகஸ்ட்ல பூட் மாத்தினதா பில் போட்டாங்களே, நிஜமா மாத்தினாங்களா இல்லையா. அதை நிரூபிக்க உங்ககிட்ட இருக்குற நல்ல சாட்சி எது தெரியுமா, உடைஞ்ச ரைட் சைடு இல்லை சார், இன்னும் பிரிக்காத லெஃப்ட் சைடு.

ஏன்னு சொல்றேன். ரைட் சைடை உங்க புது மெக்கானிக் ஏற்கனவே கழட்டிட்டார். எதிர்தரப்பு வக்கீல் முதல்ல கேக்கப் போறதே, எந்த டூல் போட்டு கழட்டினீங்கன்னுதான். டேப்பர்ல இறுகிப்போன பால் ஜாயின்டை முள்கரண்டி மாதிரி ரெண்டு பல்லு இருக்குற ஃபோர்க்கை சொருகி சுத்தியல்ல அடிச்சு எடுக்குறது நம்ம ஊர் ஷெட்ல வழக்கம், அப்படி அடிச்சா நல்ல பூட்டே கிழியும், அது தொழில்ல இருக்குற எல்லாருக்கும் தெரியும். நீங்க சொல்ற ஷெட்தான் கிழிச்சது, நாங்க போட்டுக் கொடுத்தது நல்லாதான் இருந்துச்சுன்னு அவங்க பதில் மனுவுல ஒரு வரி எழுதினா போதும். கழட்டுறதுக்கு முன்னாடி எடுத்த போட்டோ உங்ககிட்ட இல்லைன்னு நீங்களே எழுதியிருக்கீங்க. அதுக்கு மேல வீல் மடங்குன வேகத்துலயே ரப்பர் கிழிஞ்சிருக்கும்னும் சொல்லலாம், அதுவும் நம்பற மாதிரிதான் இருக்கும்.

லெஃப்ட் சைடு அப்படி இல்லை. அதை யாரும் கழட்டலை, அது உடையலை. பில்லுல பூட் ரெண்டுன்னு தெளிவா போட்டிருக்கு. அந்த லெஃப்ட் பூட்டும் ரப்பர் இறுகி, வெடிச்சு, வெடிப்பு ஓரத்துல மண்ணு படிஞ்சு பழசா இருந்தா, நாலு மாசத்துக்கு முன்னாடி போட்ட ரப்பர் இப்படி இருக்க முடியாது, ரெண்டுமே மாத்தலைங்கறது அங்கயே தெரிஞ்சிடும். அவங்க உங்க புது மெக்கானிக் மேல பழியைப் போட வழியே இல்லை.

இங்கதான் எனக்கு பயம். எந்த ஷெட்டும் லோயர் ஆர்ம் மாத்தினா ஜோடியா மாத்தத்தான் சொல்லும், மெக்கானிக்கா அது சரிதான். நீங்க இந்த பதிலைப் படிக்கறதுக்குள்ளயே லெஃப்ட் சைடையும் கழட்டி பழைய ஆர்மை சாக்குல போட்டு காயலான் கடைக்கு அனுப்பிடுவாங்க. என்கிட்ட வந்தவங்கள்ல பாதிப் பேர் இப்படித்தான் சார் தோத்தாங்க, கையில பில் இருக்கும், போன்ல ரிப்பேர் முடிஞ்சு பளபளன்னு நிக்குற கார் போட்டோ இருக்கும், உடைஞ்ச சாமான் இருக்காது. ஒருத்தர் கிளட்ச் கேஸ்ல பழைய பிளேட்டை எடைக்குப் போட்டு 180 ரூபா வாங்கிட்டு வந்து என்கிட்ட கேஸ் கேட்டார். அதனால முதல் வேலை, ஷெட்டுக்கு போன் போட்டு லெஃப்ட் சைடுல கையே வைக்காதீங்க, ரைட் சைடு ஆர்ம், ஜாயின்ட், பூட், நட்டு, காட்டர் பின் எல்லாத்தையும் ஒரு டப்பாவுல போட்டு வைங்கன்னு சொல்லுங்க. துருவைத் துடைக்க வேணாம், டீசல் ஊத்திக் கழுவ வேணாம். பூட் கிழிஞ்சா கிரீஸ் வெளிய போயி தண்ணியும் மண்ணும் உள்ள போகும், பாலும் சாக்கெட்டும் தேஞ்சு ஆட்டம் வரும், கடைசியில பால் சாக்கெட்டை விட்டு வெளிய வரும், வீல் மடங்கும். இது ரெண்டு நாள்ல நடக்கறதில்லை, மாசக்கணக்குல நடக்குறது, அந்த மாசக்கணக்கு அந்த துருவுலதான் இருக்கு. அதைக் கழுவினா உங்க கேஸைக் கழுவினதா அர்த்தம்.

அடுத்து, அந்த ஒர்க்‌ஷாப்புக்கு ஸ்பீட் போஸ்ட்ல ஒரு நோட்டீஸ், கார் இந்த ஷெட்ல இருக்கு, லெஃப்ட் சைடை இந்தத் தேதி இத்தனை மணிக்குப் பிரிக்கப் போறோம், உங்க ஆளை அனுப்பி பார்த்துக்கலாம்னு. ஏழு நாள் டைம் கொடுங்க. வந்தா நல்லது, வராட்டி இன்னும் நல்லது. பிரிக்கறப்ப சம்பந்தமில்லாத ஒரு ஆள் பக்கத்துல இருக்கணும், லைசென்ஸ் உள்ள இன்சூரன்ஸ் சர்வேயரோ, பாலிடெக்னிக் ஆட்டோமொபைல் டிபார்ட்மென்ட் ஆசிரியரோ, யாரா இருந்தாலும் பார்த்ததை எழுதி கையெழுத்து போடற ஆளா இருக்கணும். முதல்ல ஜாக்கி போட்டு வீலை மேலயும் கீழயும் பிடிச்சு ஆட்டிப் பார்த்து எவ்வளவு ஆட்டம்னு வீடியோ, அப்புறம் கழட்டாமலே பூட்டை டார்ச் அடிச்சு வீடியோ, அதுக்கப்புறம்தான் ஸ்பானர். போன்ல எடுத்த வீடியோவுக்கு பாரதிய சாட்சிய அதினியம்ங்கற சாட்சிச் சட்டத்தோட 63ஆவது பிரிவு சான்றிதழ் வேணும், உங்க வக்கீல் பார்த்துப்பார், நீங்க அந்த போனை மாத்தாம ஃபார்மட் போடாம வச்சிருந்தா போதும்.

ரெண்டாவது ஷெட் மெக்கானிக் எல்லாம் சொல்லுவார் சார்னு எழுதியிருக்கீங்க. சொல்லுவார், கையெழுத்து போடுவாரான்னு இப்பவே கேளுங்க. நுகர்வோர் கமிஷன்ல வழக்கு பெரும்பாலும் அஃபிடவிட்லயும் டாக்குமென்ட்லயும்தான் முடியுது, வாயால சொன்னது அங்க கணக்குல வராது. ஒரே ஊர்ல தொழில் பண்ற ஆள் இன்னொரு ஷெட்டுக்கு எதிரா கையெழுத்து போடறது சுலபமில்லை, ஆறு மாசம் கழிச்சு எனக்கு எதுக்கு சார் வம்புன்னு ஒதுங்கினவங்களை நான் நிறையப் பார்த்திருக்கேன், அவங்களைத் தப்பும் சொல்ல மாட்டேன்.

எதிர்தரப்பு வராம எக்ஸ்பார்ட்டி ஆயிட்டா ஜெயிச்சிடலாம்னு ஒரு நினைப்பு எல்லாருக்கும் இருக்கு. அப்படி இல்லை. சேவைக் குறைபாட்டை முதல்ல நிரூபிக்க வேண்டியது புகார் கொடுத்தவர்தான்னு எஸ்ஜிஎஸ் இந்தியா, டால்ஃபின் இன்டர்நேஷனல் வழக்குல உச்ச நீதிமன்றம் 2021ல தெளிவாவே சொல்லியிருக்கு. எதிர்ல சேர் காலியா இருந்தாலும் நீங்க நிரூபிச்சாகணும்.

ஆகஸ்ட் ஜாப் கார்டு (வண்டி விடறப்ப வேலையை எழுதுற சீட்டு) காப்பியையும் உடனே தேடுங்க. ஜாயின்ட்ல ஆட்டம் இருக்கு, முழு ஆர்மும் மாத்தணும், கஸ்டமர் வேணாம்னுட்டார்னு அதுல ஒரு வரி எழுதி கீழ உங்க கையெழுத்து இருந்தா கதையே மாறிடும். வண்டி எடுக்கற அவசரத்துல எங்க காட்டினாங்களோ அங்க கையெழுத்து போட்டுட்டு வர்ற பழக்கம் நம்ம எல்லாருக்கும் இருக்கு. அப்படி ஒரு வரி இல்லேன்னா அது உங்க பக்கம் பெரிய பலம், ஏன்னா கிழிஞ்ச பூட்டைப் பார்த்த ஆள் ஜாயின்ட்ல ஆட்டம் இருக்கான்னு செக் பண்ணிச் சொல்லியிருக்கணும், உள்ள மண்ணு போன ஜாயின்டுக்கு மேல புது பூட் மட்டும் போட்டாக்கூட அது பாதி வேலைதான்.

சரி, இப்ப நீங்க போற போக்குல ஒரே வரியில எழுதின விஷயத்துக்கு வர்றேன். நாய்.

சார், இந்தக் கேஸ்ல உங்களுக்கு இருக்குற பெரிய ஆபத்து அந்த ஒர்க்‌ஷாப் இல்லை, நீங்க கையெழுத்து போட்ட க்ளெய்ம் ஃபார்ம்தான். இன்சூரன்ஸ்ல நாய் குறுக்க வந்துச்சு, ஸ்டியரிங்கை வெட்டினேன், மீடியன்ல மோதினேன்னு எழுதிட்டு, கமிஷன்ல பால் ஜாயின்ட் கழண்டு வீல் மடங்கிச்சுன்னு சத்தியப் பிரமாணம் போட்டு அஃபிடவிட் தாக்கல் பண்ணப் போறீங்க. எதிர்தரப்பு ஒரு மனு போட்டு இன்சூரன்ஸ் ஃபைலை வரவழைச்சா ரெண்டுல ஒண்ணு பொய்னு அங்கயே ஆகிடும். அதுக்கப்புறம் பூட், துரு, வீடியோ எதையும் யாரும் பார்க்க மாட்டாங்க. நல்ல கேஸ் இப்படி ஒரு பேப்பர்ல செத்துப் போனதை நான் கண்ணால பார்த்திருக்கேன், அந்தக் கட்சிக்காரர் முகம் எனக்கு இன்னும் மறக்கலை. கமிஷன் அளவோட அது முடியவும் முடியாது, பொய் சொல்லி க்ளெய்ம் வாங்கினதா இன்சூரன்ஸ் கம்பெனி பணத்தைத் திருப்பிக் கேக்கலாம், கிரிமினலா போகவும் இடம் இருக்கு.

வருத்தம் என்னன்னா அந்தப் பொய்க்கு அவசியமே இல்லாம இருந்திருக்கலாம். தேய்மானம், மெக்கானிக்கல் பிரேக்டவுன் பாலிசியில வராதுங்கறது உண்மை, அதனால அந்த லோயர் ஆர்முக்கும் ஜாயின்டுக்கும் காசு வராது. ஆனா அதனால போயி மீடியன்ல மோதி பம்பர், ஃபெண்டர், ரேடியேட்டர் போனது விபத்துதான், அதுக்கு கேக்க நல்ல வாதம் இருக்கு. வண்டியை நல்ல கண்டிஷன்ல வச்சிருக்கலைன்னு கம்பெனி சொன்னாக்கூட பூட் மாத்த காசு கட்டின பில் உங்க கையில இருக்கு. ஏஜென்ட் சீக்கிரம் பாஸ் ஆகணும்னு ஒரு கதை சொன்னார், கையெழுத்து உங்களுது.

பணம் இன்னும் வரலைன்னு எழுதியிருக்கீங்க, அதுதான் இதுல ஒரே நல்ல செய்தி. ஒரு வக்கீலைப் பக்கத்துல வச்சுக்கிட்டு, விபத்துக்கான காரணத்தைத் திருத்தி இன்சூரன்ஸ் கம்பெனிக்கு எழுதிக் கொடுங்க, ஏஜென்ட் கையில கொடுக்காம நேரா ஆஃபீஸ்ல கொடுத்து அக்னாலட்ஜ்மென்ட் வாங்குங்க. க்ளெய்ம் அப்படியே நிலைக்கலாம், குறையலாம், மொத்தமா ரிஜெக்ட் கூட ஆகலாம், அதை மறைச்சு உங்களுக்குத் தைரியம் சொல்ல எனக்கு மனசு வரலை. அதைச் செய்ய மனசில்லேன்னா ஒர்க்‌ஷாப் மேல கேஸே போடாதீங்க. 63,000த்தை அப்படியே வாங்கிட்டு பேசாம இருந்திடலாமான்னு அடுத்துக் கேப்பீங்க, அதுக்கு என்கிட்ட சரின்னு பதில் வராது.

பத்து லட்சத்தை மறந்துடுங்க. நீங்க அவங்களுக்குக் கட்டின தொகையை வச்சுதான் கமிஷன் வரம்பு, அதனால டிஸ்ட்ரிக்ட் கமிஷன்தான், அந்தத் தொகை 5 லட்சம் வரைக்கும் இருந்தா கோர்ட் ஃபீஸும் கிடையாது, அந்தச் சுகத்துலதான் ஆளாளுக்கு பத்து லட்சம்னு எழுதறாங்க. யாருக்கும் அடிபடாத கேஸ்ல அந்தத் தொகையைப் பார்த்ததும் புகார் மேலயே சந்தேகம் வரும். உங்க நிஜமான கணக்கு, இன்சூரன்ஸ் 63,000 கொடுத்தா மீதி 29,000, பூட்டுக்கும் லேபருக்கும் அலைன்மென்ட்டுக்கும் கட்டின 2,560, வண்டியைக் கட்டி இழுத்த செலவு, அப்புறம் மன உளைச்சலுக்கு கமிஷன் பார்த்துக் கொடுக்கறது. இன்சூரன்ஸ் கை விரிச்சா 29,000ங்கற இடத்துல 92,000 வரும். இன்சூரன்ஸ்ல வாங்கினதை ஒர்க்‌ஷாப்கிட்ட திரும்பக் கேக்க முடியாது.

இதை வச்சுப் பார்த்தா என் ஆலோசனை, செட்டில்மென்ட். லெஃப்ட் சைடு பழைய பூட்டோட இருக்குன்னு ரிப்போர்ட் கையில வந்த மறுநாள் பணம் கேட்டு நோட்டீஸ் அனுப்புங்க, அந்த ரிப்போர்ட்டைப் பார்த்தா எந்த ஓனரும் பேச வருவார், ஏன்னா அது வெளிய வந்தா அவர் இதுவரைக்கும் போட்ட பில் எல்லாத்தையும் ஊர் சந்தேகப்படும். 35,000, 40,000 ரேஞ்சுல வந்தா வாங்கிட்டு முடிங்க, இது இன்சூரன்ஸ் பணம் வந்துச்சுன்னு வச்சுச் சொல்ற கணக்கு. மன்னிப்பு கேக்கணும், மாமனார் கால்ல விழணும்னு கண்டிஷன் போட்டீங்கன்னா பேச்சு அங்கயே முறிஞ்சிடும். லெஃப்ட் சைடுல புது பூட் இருந்துச்சுன்னா, அவங்க வேலை செஞ்சிருக்காங்கன்னு ஆகிடும், ரைட் சைடை வச்சு மட்டும் சண்டை போடறது கஷ்டம், அப்ப பில் காசும் கூட ஒரு பத்தாயிரமும் கொடுத்தாக்கூட வாங்கிக்கோங்க.

ஒண்ணு கவனமா இருக்கணும், இன்சூரன்ஸ் முடியறதுக்கு முன்னாடி ஒர்க்‌ஷாப்கிட்ட முழுத் தீர்வு, இனி எந்தக் கோரிக்கையும் இல்லைன்னு எழுதிக் கொடுத்திடாதீங்க. பணம் கொடுக்கற இன்சூரன்ஸ் கம்பெனிக்கு அதை உண்மையான பொறுப்பாளிகிட்ட வசூல் பண்ற உரிமை இருக்கு, நீங்க அதை அழிச்சிட்டீங்கன்னு உங்க க்ளெய்மை நிறுத்தலாம். இன்சூரன்ஸ்ல வராத தொகைக்கு மட்டும்னு பேப்பர்ல எழுதுங்க, கம்பெனிக்கும் தெரியப்படுத்துங்க, பணம் அக்கவுன்ட்ல ஏறினதுக்கு அப்புறம் கையெழுத்து. அதுவரைக்கும் ஊர் வாட்ஸ்அப் குரூப்ல அந்த ஒர்க்‌ஷாப் பேரைப் போட்டு எதுவும் எழுத வேணாம், ஏற்கனவே எழுதியிருந்தா இனிமே தொடராதீங்க.

கேஸ் போட ரெண்டு வருஷம் இருக்கு சார், அவசரம் அதுல இல்லை. ஷெட்டுக்கு இப்ப போன் போடுங்க.